நானே எழுதிய உறுதிமொழி

அன்பு மகனுக்கு,

அம்மா எழுதுகிறேன். வழக்கம்போல 'இங்கு யாவரும் நலம்' என்று தொடங்கத்தான் பேனாவை எடுத்தேன், கை ஓடவில்லை. உன் அப்பாவுக்கு மூட்டுவலி. எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. பிரிக்பீல்ட்ஸில் நாலு நாளாக விடாத மழை, குவார்ட்டர்ஸ் வாசலெல்லாம் சேறு. நலம் என்று எழுத வேண்டுமானால் பொய்தான் எழுத வேண்டும், பொய் இதுவரை நிறைய எழுதிவிட்டேன் தம்பி. இந்தக் கடிதத்தை நீ ஒளித்துவைக்க வேண்டாம். யார் கேட்டாலும் படிக்கக் கொடு. நானே இன்னொரு பிரதி எழுதி மாதர் சபைக் கூடத்துக்கும் அனுப்பப்போகிறேன்.

ஈப்போவிலிருந்து நீ போட்ட கடிதம் திங்கட்கிழமை வந்தது. தை மாதம் கிள்ளானில் கல்யாணம், பந்தல்காரனுக்குச் சொல்லியாகிவிட்டது, எல்லாம் சந்தோஷம். ஆனால் கமலம் பள்ளிக்கூட வேலையை விட மாட்டேன் என்கிறாள், சபையின் மணப்பெண் உறுதிமொழித் தாளில் கையெழுத்துப் போட மாட்டேன் என்கிறாள், தாள் இல்லாவிட்டால் உனக்குக் குடும்ப குவார்ட்டர்ஸ் கிடைக்காது, ஊர் சிரிக்கும். 'நீங்க போய் ஒரு தடவை பேசுங்கம்மா. உங்க வாய்க்கு முன்னால எந்தப் பொண்ணு நின்னிருக்கு?' என்று எழுதியிருக்கிறாய். பாராட்டு என்று நினைத்துத்தான் எழுதியிருப்பாய். அந்த வரியைப் படித்துவிட்டு அடுப்படியில் போய் உட்கார்ந்து அழுதேன். உன் அப்பா வந்து பார்த்துவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

என் வாய்க்கு முன்னால் நின்ற ஒரு பெண்ணைப் பற்றி உனக்குச் சொல்ல வேண்டும். உன் அக்கா பூரணம். தலைப்பிரசவத்தில் ஜன்னி கண்டு போய்விட்டாள், யார் என்ன செய்ய முடியும் என்று மூன்று வருஷமாக உனக்குச் சொல்லி வருகிறேன். ஜன்னி கண்டது உண்மை. யாரும் ஒன்றும் செய்திருக்க முடியாது என்பது பச்சைப் பொய். அவளைக் காப்பாற்றியிருக்கலாம். காப்பாற்றச் சொல்லி அவளே கேட்டாள். என்னிடம்தான் கேட்டாள்.

சபை எப்படி வந்தது என்று உனக்குச் சரியாகத் தெரியாது, நீ அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தாய். இந்த நாட்டில் நமக்கு ஓட்டும் கிடையாது, கேள்வியும் கிடையாது. மேலே இருக்கிற துரை ஒரு காகிதத்தில் எழுதினால் அது சட்டம். எதிர்த்துப் பேசியவனைக் கப்பலேற்றி நாகப்பட்டினத்துக்கு அனுப்ப ஒரு கோர்ட்டு விசாரணைகூட வேண்டாம். ரயில் பட்டறை ஆட்கள் கூட்டம் போட ஆரம்பித்தார்கள், அந்தக் கூட்டத்துக்குப் பெண்களும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போக ஆரம்பித்தார்கள். அது பெரிய மனிதர்களுக்குப் பொறுக்கவில்லை. சர்க்கார் நியமித்த கவுன்சில் மெம்பர் ஒருவர் நம் ஆட்களில் இருந்தார். அவர் சம்சாரம்தான் எங்கள் தலைவியம்மா. "பொம்பளைங்க அடங்குனா ஆம்பளைங்க தானா அடங்குவாங்க" என்று முதல் கூட்டத்திலேயே சொன்னார். நாங்கள் கை தட்டினோம். நான்தான் எல்லோரையும்விடச் சத்தமாகத் தட்டினேன்.

ஒரு நாள் எங்களைப் பேசும் படம் பார்க்கக் கூட்டிப்போனார். படத்துக்கு முன்னால் செய்திப்படம் காட்டினார்கள். ஐரோப்பாவில் ஒரே மனிதன் வைத்ததுதான் சட்டம் என்கிற ஒரு தேசம். வரிசை வரிசையாகப் பெண்கள், ஒரே மாதிரி உடுப்பு, இடுப்பில் பிள்ளை. அந்த மனிதனுக்கு எல்லோரும் கையை நீட்டி வணக்கம் வைக்கிறார்கள். தலைவியம்மா என் தொடையில் தட்டி, "பாத்தியாடி, வெள்ளக்காரச்சியே சமையக்கட்டுக்குத் திரும்பிட்டா. நமக்கு மட்டும் கொம்பா மொளச்சிருக்கு?" என்றார். அடுத்த மாதமே எங்களுக்கும் பச்சைக்கரை போட்ட வெள்ளைச் சேலை வந்தது. ஐந்து பிள்ளை பெற்றவளுக்குப் பித்தளைப் பதக்கம். எனக்கு உங்கள் இரண்டு பேரோடு வயிறு நின்றுவிட்டதால் பதக்கத்துக்கு வழியில்லை. அதனால் காரியதரிசி ஆனேன்.

அந்த உறுதிமொழித் தாளை எழுதியது நான்தான். தலைவியம்மாவுக்கு மேடையில் பேசத்தான் வரும், எழுத வராது. 'வீட்டில் கணவர், நாட்டில் துரை, இருவர் சொல்லும் எனக்குச் சட்டம். சம்பளத்துக்கு வேலை பார்க்க மாட்டேன். கூட்டங்களுக்குப் போக மாட்டேன்.' இவ்வளவும் அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். கடைசியாக ஒரு வரி நானாகச் சேர்த்தேன். 'பிரசவத்துக்கும் ஆஸ்பத்திரி வாசல் மிதிக்க மாட்டேன், அந்நிய ஆடவன் கை என்மேல் படாது.' படித்துக் காட்டியதும் தலைவியம்மா எழுந்து வந்து என்னைக் கட்டிக்கொண்டார். அந்த வரி என்னுடையது என்று உன் அப்பாவுக்கே இன்றுவரை தெரியாது.

அதற்குப் பிறகு பரிசம் போடுகிற வீடெல்லாம் நாங்கள் போவோம். வெற்றிலைத் தட்டோடு இந்தத் தாளும் இருக்கும். பெண் கையெழுத்துப் போட்டால் சபை அட்டை கிடைக்கும், அதை வாசல்நிலையில் மாட்ட வேண்டும். அட்டை மாட்டிய வீட்டுக்குத்தான் கவுன்சில் மெம்பர் குவார்ட்டர்ஸுக்கும் வேலைக்கும் சிபாரிசு செய்வார். மாதத்துக்கு ஒரு தடவை போய் வீடு பெருக்கியிருக்கிறதா, புருஷன் என்ன பேப்பர் படிக்கிறான், வீட்டுக்கு யார் வந்து போகிறார்கள் என்று விசாரித்து எழுதிக்கொண்டு வருவோம். நான் எழுதிக் கொடுத்த ஒரு வீட்டுக்காரனைக் கப்பலேற்றிவிட்டார்கள். அவன் பெண்டாட்டி என்னைப் பாசாரில் காய்கறி வாங்கும்போது பார்த்தால் இன்றும் காறித் துப்புகிறாள். அவள் துப்புவது நியாயம்தான்.

இதில் பெரிய வேடிக்கை என்ன தெரியுமா? வீட்டை விட்டு வெளியே போகாதீர்கள் என்று சொல்வதற்காக நான் தினம் ரிக்‌ஷா ஏறி வெளியே போவேன். புருஷன் சொல்லை மீறாதே என்று மைக்குப் பிடிக்காத குறையாகக் கத்துவேன். உன் அப்பா சொல்லை நான் என்றைக்காவது கேட்டிருக்கிறேனா? ரயில்வே கார்டாக இருக்கிற மனிதன், பச்சைக்கொடி காட்டினால் ஒரு வண்டியே நகரும், வீட்டில் அவர் பேச்சுக்கு ஒரு பூனைகூட நகராது. நீயே சின்ன வயதில் அதைச் சொல்லிச் சிரிப்பாய்.

பூரணம் அந்த வருஷங்களில் ஆஸ்பத்திரியில் நர்ஸ் படிப்புப் படித்துக்கொண்டிருந்தாள். உன் அப்பா சேர்த்துவிட்டது, எனக்குப் பிடிக்கவில்லை. காரியதரிசி மகள் கண்ட ஆம்பளையின் புண்ணைக் கழுவுகிறாள் என்று சபையில் சாடை பேசினார்கள். வீட்டுக்கு வந்தால் அவள் வாய் ஓயாது. இன்று இந்தப் படுக்கையில் இப்படி, அந்தப் படுக்கையில் அப்படி என்று கையை ஆட்டி ஆட்டிச் சொல்வாள். நான் காதில் வாங்க மாட்டேன். ஒரு தடவை நீ உன் தட்டை நீயே கழுவ எழுந்தாய், நான் பிடுங்கி அவள் கையில் கொடுத்தேன், நினைவிருக்கிறதா? ஆஸ்பத்திரியிலிருந்து அப்போதுதான் வந்து, செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றாள். அப்படியே போய்க் கழுவினாள். அன்று உன்னிடம், "ஆம்பளப் பிள்ளைக்கு இது எதுக்குடா?" என்றேன். இன்று நீ எனக்கு எழுதியிருக்கிற கடிதம் அந்தக் கேள்வியிலிருந்து வந்ததுதான். உன்னைக் குறை சொல்லவில்லை, நான் வளர்த்த வளர்ப்பு.

கிள்ளானில் சபையின் கிளையை நடத்திய அம்மாளின் மகனுக்குத்தான் அவளைப் பேசினோம். மாப்பிள்ளை நல்ல பையன், துறைமுக ஆபீஸில் வேலை, அம்மா கிழித்த கோட்டைத் தாண்டாதவன். பரிசத்தன்று நம் வீட்டு முன்னறை நிறையப் பச்சைக்கரைச் சேலை. தாளை நானே நீட்டினேன். பூரணம் பேனாவை வாங்கிக்கொண்டு தாளை முழுவதும் படித்தாள். பிறகு என் பக்கம் குனிந்து, யாருக்கும் கேட்காமல், "அம்மா, மத்ததெல்லாம் போட்டுர்றேன். கடைசி வரிய மட்டும் அடிச்சிடும்மா. நான் ஆஸ்பத்திரியில பாத்துட்டு வந்தவ, எனக்குப் பயமா இருக்கு" என்றாள். படிப்பை விடுகிறேன் என்றாள், வேலையை விடுகிறேன் என்றாள், அந்த ஒரு வரிதான் வேண்டாம் என்றாள். இத்தனை பேருக்கு முன்னால் என் மகளுக்கு மட்டும் வரியை அடித்தால் என் மானம் என்ன ஆவது? "சும்மா போடுடி, மூஞ்சத் தூக்காத" என்றேன். போட்டுவிட்டாள்.

ஒரு வருஷத்துக்குள் முழுகாமல் ஆனாள். ஒன்பதாம் மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை முறுக்கு சுட்டு எடுத்துக்கொண்டு கிள்ளானுக்கு ரயிலேறினேன். அந்த ஞாயிற்றுக்கிழமை சபையின் ஆண்டு விழா, துரைசாணி வந்து பதக்கம் கொடுக்கப்போகிறாள், நான் வரவேற்புரை. வழியெல்லாம் அதைத்தான் மனப்பாடம் செய்துகொண்டு போனேன். பூரணம் பாயில் உட்கார்ந்திருந்தாள். முகம் ஊதிப்போய் இருந்தது. சம்பந்தியம்மாள் அந்தப் பக்கம் போனதும் சேலையைக் கொஞ்சம் தூக்கி முழங்காலுக்குக் கீழே கட்டைவிரலால் அழுத்திக் காட்டினாள். விரலை எடுத்தாள், குழி விழுந்தது விழுந்தபடியே இருந்தது.

"பாரும்மா, நெறையவே மாட்டேங்குது. ரெண்டு நாளா தலை பொளக்குது. கண்ணு மங்குது. எனக்கு இது என்னன்னு தெரியும்மா. இன்னிக்கே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போ."

"புள்ளத்தாச்சிக்குக் கால் வீங்காம யாருக்கு வீங்கும்? நான் ரெண்டு பெத்தவ, எனக்கா நீ பாடம் எடுக்குற?"

"அம்மா, இது அந்த வீக்கம் இல்லம்மா. இதுல எத்தன பேரப் பறிகொடுத்திருக்காங்க தெரியுமா? மாமியார் விட மாட்டாங்க. அவரு வாயத் தொறக்க மாட்டாரு. நீ சொன்னாத்தான் நடக்கும்."

தம்பி, நான் சொன்னால்தான் நடக்கும் என்று அவள் சொன்னது நிஜம். நான் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் சம்பந்தியம்மாளால் தடுத்திருக்க முடியாது, காரியதரிசி நான். ஆனால் காரியதரிசி மகளே ஆஸ்பத்திரியில் போய்ப் படுத்தாள் என்றால் ஞாயிற்றுக்கிழமை மேடையில் நான் எந்த முகத்தோடு நிற்பது? அதுதான் என் மண்டையில் ஓடியது. வேறு எதுவும் ஓடவில்லை. "ஞாயித்துக்கிழமை முடியட்டும் கண்ணு, திங்கக்கிழமை வந்து நானே கூட்டிட்டுப் போறேன்" என்றேன். அவள் மறுபடி கேட்கவில்லை. முறுக்கில் ஒன்றை எடுத்துக் கடித்து, "உப்பு கம்மியாப் போட்டிருக்கலாம்மா, எனக்கு இப்ப உப்பு ஆகாது" என்றாள். நான் கோபித்துக்கொண்டு கிளம்பினேன். கோபித்துக்கொண்டு கிளம்பினேன் என்பதை உனக்கு எழுதத்தான் வேண்டும்.

வீட்டுக்கு வந்து உன் அப்பாவிடம் சிரித்துக்கொண்டே சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. "கூட்டிட்டுப் போயிடு. படிச்ச புள்ள சொல்லுது" என்றார். "உங்களுக்கு ஒண்ணும் தெரியாது, சும்மா இருங்க" என்றேன். பழக்கப்படி சும்மா இருந்துவிட்டார். அதற்காக அவர் தன்னை மன்னிக்கவே இல்லை. என்னை மன்னித்தாரா என்று கேட்க எனக்குத் தைரியம் வந்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு நான் மேடையில் நின்று, தாய்மையே பெண்ணின் மகுடம் என்று பேசிக்கொண்டிருந்தேன். அதே நேரத்தில் கிள்ளானில் அவளுக்கு வலிப்புக் கண்டது. மருத்துவச்சி வேப்பிலை அடித்தாளாம், பல்லுக்கு இடையில் கரண்டிக் காம்பை வைத்தாளாம். மாப்பிள்ளை கடைசியில் அம்மாவைத் தள்ளிவிட்டு ஒரு லோரியை நிறுத்தி ஏற்றிக்கொண்டு போயிருக்கிறான். டாக்டர் பார்த்துவிட்டு, எத்தனை நாளாக இப்படி என்று விசாரித்து, "வெள்ளிக்கிழமையே ஏன் வரலை?" என்று கேட்டிருக்கிறார். வயிற்றுப் பிள்ளை முதலில் போயிற்று. நான் போய்ச் சேர்ந்தபோது அவளுக்கு நினைவில்லை. திங்கட்கிழமை காலையில் அவளும் போய்விட்டாள். திங்கட்கிழமை வந்து கூட்டிப்போகிறேன் என்று சொல்லியிருந்தேன் அல்லவா, போனேன், கூட்டிக்கொண்டுதான் வந்தேன்.

நீ நினைப்பாய், அதோடு சபையை விட்டிருப்பேன் என்று. இல்லை. பதினாறாம் நாள் முடிந்து தலைவியம்மா வந்தார். கடைசி வரை உறுதிமொழியைக் காப்பாற்றிய உத்தமி என்று பூரணத்தைப் பற்றிச் சபையில் தீர்மானம் போடப்போவதாகச் சொன்னார். எழுந்து அவர் முகத்தில் அறைந்திருக்க வேண்டும். நான் அந்தத் தீர்மானத்தை என் கையாலேயே புத்தகத்தில் எழுதினேன். சபை தப்பு என்று ஒத்துக்கொண்டால், என் பிள்ளையை நான்தான் கொன்றேன் என்று ஆகிவிடுமே. அதற்குப் பயந்து இன்னும் வேகமாக ஓடினேன். இந்த மூன்று வருஷத்தில் வேறு வீட்டுப் பெண்களிடமும் கையெழுத்து வாங்கினேன். அவர்களில் ஒருத்தி வீங்கிய காலோடு எந்த அறையில் உட்கார்ந்திருக்கிறாளோ என்று இப்போது ஒவ்வொரு வீடாகப் போய்த் தாளைக் கிழிக்கச் சொல்லிக்கொண்டு வருகிறேன். பாதி வீட்டில் கதவைச் சாத்துகிறார்கள். பூரணத்துக்குப் பிறகும் திருந்தாதவளை உன் கடிதம் திருத்திவிட்டது என்று பெருமைப்படாதே. கமலம் என்ற பெயரைப் படித்ததும் அடுத்தவள் இவள்தான் என்று தோன்றியது, அவ்வளவுதான்.

நேற்று கிள்ளானுக்குப் போனேன். கமலம் அப்போதுதான் பள்ளிக்கூடம் விட்டு வந்திருந்தாள், விரலெல்லாம் சுண்ணாம்புக்கட்டித் தூள். என்னைப் பார்த்ததும் நிமிர்ந்து நின்றுகொண்டாள்.

"வாங்க அத்தே. தாளு கொண்டாந்திருக்கீங்களா? சங்கடப்படாதீங்க, நான் போட மாட்டேன்லா. அவருகிட்டயே சொல்லிட்டேன்."

"கொண்டு வரலம்மா. உக்காரு, ஒரு விஷயம் சொல்லணும்."

உனக்கு எழுதியது அத்தனையும் அவளிடம் சொன்னேன். அழாமல் சொல்ல வேண்டும் என்று நினைத்துப் போனேன், முடியவில்லை. அவள் எழுந்து தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். என்னைத் தேற்றவில்லை. தேற்றியிருந்தால் எனக்கு அவள்மேல் மரியாதை குறைந்திருக்கும். "இதெல்லாம் அவருக்குத் தெரியுமா அத்தே?" என்று மட்டும் கேட்டாள். தெரியாது, எழுதப்போகிறேன் என்றேன். விரலில் இருந்த தூளைத் துடைத்துக்கொண்டு, "எழுதுங்க. படிச்ச பிறகும் கையெழுத்துதான் வேணும்னு சொன்னாருன்னா, இந்தக் கல்யாணம் எனக்கு வேணாம். அத அவரு வாயாலயே வந்து சொல்லச் சொல்லுங்க" என்றாள். நான் உன் அம்மா, உனக்காகப் பேசியிருக்க வேண்டும். "சரிம்மா, அப்படிச் சொன்னா வேணாம்னு விட்டுடு" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

அதனால் குவார்ட்டர்ஸ் பற்றி எனக்கு எழுதாதே. வாடகைக்குக் கம்பத்தில், ஏதாவது ஒரு மலாய்க் கிராமத்தில், ஓர் அறை எடுத்துக்கொண்டு குடித்தனம் நடத்தியவர்கள் ஆயிரம் பேர். ஊர் என்ன சொல்லும் என்றும் எழுதாதே, அந்த ஊர் என்பது பாதி நான்தான், என்னை எனக்குத் தெரியும். அவள் தன் உடம்பைப் பற்றி ஒன்று சொன்னால் அப்போதே காது கொடு. உன் அப்பாவைப் போலச் சும்மா இருந்துவிடாதே. என்னைப் போலப் பேசியும் தொலைக்காதே.

வருகிற சனிக்கிழமை லீவு போட்டுவிட்டுக் கிள்ளானுக்குப் போ. வேலையோடு சேர்த்து அவள் வேண்டும் என்றால் போய்ச் சொல். வேண்டாம் என்றாலும் நீயேதான் போய்ச் சொல்ல வேண்டும். கல்யாணம் நின்றுபோனால் நிறுத்தியது என் அம்மா என்று ஊரெல்லாம் சொல்லிக்கொள், நான் மறுக்க மாட்டேன். நீ என்னோடு பேசாமல் போனாலும் போ. பெற்ற மகளைச் சாகக் கொடுத்துவிட்டு நான் இருக்கிறேன், மகன் பேசாவிட்டாலும் இருந்துவிட்டுப் போகிறேன். அந்தப் பெண் உயிரோடு இருக்கட்டும்.

உன் அம்மா